நூகராஜு எடுக்காத கடிகாரம்

செத்த மனிதருக்குத் தோள் வைக்கச் சொல்லி நூகராஜுவிடம் யாரும் கேட்கவில்லை. அவராகத்தான் வைத்தார்.

ஜூபிலி ஹில்ஸ் வீட்டின் கீழறையில் வம்சிதரைக் கிடத்தியிருந்தார்கள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்து ஒரு மணி நேரம் ஆகியிருக்கும். பத்து மணிக்குப் பிலிம் சேம்பரில் பொதுமக்கள் பார்வைக்கு வைத்தாக வேண்டும். நாற்பது நாள் படுக்கை ஆளை அரித்துத் தின்றிருந்தது. இரண்டு தெலுங்கு மாநிலமும் 'தொரா', துரை, என்று கையெடுத்துக் கும்பிட்ட நாயகன், ஆஸ்பத்திரி அங்கிக்குள் ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார் போலக் கிடந்தார்.

நூகராஜு கறுப்புக் கோட்டின் முதுகை நடுவில் நேராகக் கத்தரித்து, இரண்டு பக்கமும் நாடா வைத்துத் தைத்து, முன்பக்கமாகவே போட்டு, முதுகுக்கடியில் முடிந்தார். பாட்டுக்கு நடுவே இரண்டு நிமிடத்தில் உடை மாற்ற வேண்டுமென்றால் செய்கிற அதே வேலைதான். பிறகு தன் தகரப் பெட்டியைத் திறந்து, அந்தத் தோள்களுக்கென்றே அளந்து வெட்டிய பஞ்சுத் திண்டுகளை எடுத்து உள்ளே செருகினார்.

"அதெல்லாம் இப்ப எதுக்குய்யா?" என்றார் போசு பாபு. வம்சிதரின் மனைவி ஹைமாவதிக்குத் தம்பி. தொராவின் கால்ஷீட்டிலிருந்து காலைச் சிற்றுண்டிவரை பார்த்துக்கொண்டவர்.

"ஜனம் பாக்க வருது சார். தோள் இல்லாம பாத்தா வேற யாரோன்னு நெனச்சிடும்."

சாம்பல் நிறக் கன்னத்துக்கு மேக்கப்மேன் ரோஜா நிறம் ஏற்றினார். கடைசியாக நூகராஜு தங்கக் கடிகாரத்தை எடுத்து இடது மணிக்கட்டில் கட்டினார். சதை வற்றிய மணிக்கட்டில் அது முழங்கைவரை வழுக்கிக்கொண்டு போனது. உள்ளே ஒரு துண்டுப் பஞ்சைக் கொடுத்து நிறுத்தினார். முகப்பை உள்பக்கமாகத் திருப்பி வைத்தார்.

அந்தத் திருப்பலுக்காகவே தியேட்டர்கள் அதிர்ந்த காலம் உண்டு. விஜயவாடாவில் நூற்றெழுபத்தைந்தாவது நாள் விழா மேடையில் ஒரு தயாரிப்பாளர் அவர் கையில் கட்டிவிட்ட சுவிட்சர்லாந்துக் கடிகாரம் அது. அடுத்த படத்திலிருந்து, எதிராளியை அடிப்பதற்கு முன்னால் தொரா அதன் முகப்பை நிதானமாக உள்பக்கம் திருப்புவார். 'உன் நேரம் முடிஞ்சிருச்சு' என்று அர்த்தம். வசனமே வேண்டாம், விசில் காதைக் கிழிக்கும். குண்டூரிலிருந்து ஸ்ரீகாகுளம்வரை பேருந்து நிலையக் கடைகளில் அதே மாதிரிக் கடிகாரம் நூற்றைம்பது ரூபாய்க்குத் தொங்கியது. வாங்கியவர்கள் எல்லோரும் முகப்பை உள்ளே திருப்பித்தான் கட்டினார்கள்.

நூகராஜுவுக்கு ஊர் துனி பக்கம். பத்தொன்பது வயதில் மதராஸ் போய், வடபழனியில் ஒரு தெலுங்கு டெய்லரிடம் பட்டன் துளை போடும் வேலையில் சேர்ந்தார். தெலுங்கு சினிமா மூட்டை கட்டிக்கொண்டு ஹைதராபாத்துக்குக் கிளம்பியபோது, தையல் மெஷினோடு அதே லாரியில் ஏறி வந்தார். கிருஷ்ணா நகரில் ஒற்றை அறை. துணை நடிகையாகக் கூட்டத்தில் நின்றுகொண்டிருந்த மங்கதாயாருவின் ரவிக்கையைப் பிடித்துத் தைத்துக் கொடுக்கப் போய், அவளையே கட்டிக்கொண்டார். குழந்தை இல்லை. வம்சிதரின் சொந்த காஸ்ட்யூமராகச் சேர்ந்து, அவர் சாகும்போது முப்பத்தோரு வருடம்.

காஸ்ட்யூமரின் வேலை துணி கொடுப்பதோடு முடிவதில்லை. ஹீரோவுக்கு ஒரு சட்டை என்றால் ஆறு சட்டை வேண்டும். முகம் தெரிகிற காட்சிக்கு ஒன்று, மழைக்கு ஒன்று, ரத்தத்துக்கு ஒன்று, சண்டையில் அவருக்குப் பதிலாக விழுகிற டூப்புக்கு இரண்டு, அவசரத்துக்கு ஒன்று. பெரிய வெளிநாட்டுக் கம்பெனிச் சட்டையாக இருந்தால் கடையில் வாங்குவது ஒன்றுதான். மற்ற ஐந்தையும் செகந்திராபாத் ஜெனரல் பஜாரில் அதே நிறத்துணி தேடிப்பிடித்து நூகராஜு தைப்பார். மார்பில் இருக்கும் கடுகளவுச் சின்னத்தைக் கையாலேயே எம்பிராய்டரி போடுவார். எது கடைச் சட்டை எது இவர் சட்டை என்று போட்டுக்கொள்கிற தொராவுக்கே தெரியாது. ரசிகர்கள் இணையத்தில் 'தொரா போட்டிருக்கும் சட்டை எண்பதாயிரம்' என்று படத்தோடு எழுதிய ஒரு சட்டையை நூகராஜு அறுநூறு ரூபாய்த் துணியில் தைத்திருந்தார். அதைப் படித்துவிட்டு அன்றைக்கு இரண்டு இட்லி கூடுதலாகச் சாப்பிட்டார் என்று மங்கதாயாரு சொல்லிச் சிரிப்பாள்.

அசலும் நகலும் ஒரே பெட்டியில் கிடந்தால் குழம்பிவிடும் அல்லவா? அதற்கு ஒரு வழி வைத்திருந்தார். டூப் பொருள் எதுவானாலும், கண்ணில் படாத இடத்தில் சிவப்பு நகப்பூச்சால் ஒரு பொட்டு. காலருக்கு உள்ளே, பெல்ட் கொக்கிக்குப் பின்னால், பூட்ஸின் நாக்கில். மற்ற காஸ்ட்யூமர்கள் மையில் எழுத்துப் போடுவார்கள். பொட்டு வைத்தது நூகராஜு ஒருவர்தான். இருபத்திரண்டு வருடம் தொராவுக்கு டூப் போட்டு, மூன்று இடத்தில் எலும்பு முறிந்து, இப்போது ஒரு காலை இழுத்து நடக்கும் கவுஸ் அதைச் சொல்லியே கிண்டல் செய்வான். "நான் மௌத்தானாலும் இவன் வந்து என் நெத்தியில ஒரு பொட்டு வெச்சிட்டுத்தான் பொதைக்க விடுவான்."

ஆறு வருடத்துக்கு முன்னால் ஒரு நாள், கேரவனுக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தச் சொன்னார் வம்சிதர்.

"நூகா, வாட்சுக்கு ஒரு டூப் வேணும்டா."

"இருக்கே பாபு. கவுசுக்குக் கட்டறது."

"அது தூரத்துக்குத்தான் சரி. கிட்டத்துல காமிச்சாலும் தாங்கணும்."

நூகராஜு அவருடைய கையைப் பார்த்தார். கடிகாரம் இருந்த இடத்தில் தோல் மட்டும் வெளுத்துப் போயிருந்தது.

"போயிடுச்சுடா. சொந்தப் படம், வெளிய வந்தாகணும்ல. ஹைமாவுக்குத் தெரியாது. போசுக்குத் தெரிஞ்சா ஊருக்கே தெரிஞ்ச மாதிரி. இது உனக்கும் எனக்கும் நடுவுல."

"சரி பாபு."

"தாயாருகிட்டயும் சொல்லாத."

"சொல்ல மாட்டேன் பாபு."

மும்பைக்கு ரயிலேறிப் போய், மசூதிப் பக்கத்துச் சந்து ஒன்றில் மூன்று நாள் அலைந்து, எடையும் மினுக்கும் சரியாக வந்த ஒன்றை வாங்கினார். திரும்பி வரும் ரயிலில், பக்கவாட்டு இருக்கையில் உட்கார்ந்து, காகிதத்தைப் பிரித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். குறை சொல்ல ஒன்றும் இல்லை. சட்டைப் பையில் இருந்த நகப்பூச்சு எப்போது கைக்கு வந்தது என்று தெரியாது. கொக்கிக்கு உள்பக்கம் ஒரு சிவப்புப் பொட்டு வைத்து, ஊதிக் காயவைத்து, மறுபடி பொதிந்தார்.

அசல்தான் போய்விட்டதே, குழம்புவதற்கு இரண்டு ஏது? இந்தக் கேள்வி அப்போது அவருக்கு எழவில்லை. கை செய்கிற வேலையைக் கை செய்தது. அவ்வளவுதான்.

மகாபிரஸ்தானம் மயானத்தில் சிதைக்கு முன்னால் போசு பாபு கடிகாரத்தைக் கழற்றிக் கைக்குட்டையில் முடிந்துகொண்டார். கொள்ளி வைத்த மகன் ருத்விக்குக்கு இருபத்து நான்கு வயது. மொட்டை போடவில்லை; முதல் படத்துக்கான விளம்பரப் புகைப்படங்கள் எடுப்பது பாக்கி இருந்ததால் ஒட்ட வெட்டிக்கொண்டதோடு சரி. பதிமூன்றாம் நாள் நினைவுக் கூட்டத்தில், ரசிகர்கள் முன்னிலையில், ஹைமாவதி தன் கையாலேயே அப்பாவின் கடிகாரத்தை மகன் கையில் கட்டுவார் என்று முடிவானது. மும்பையிலிருந்து வந்திருந்த உடை ஆலோசகப் பெண் ருத்விக்கின் கைக்கு அளவு சரிபார்க்கக் கடிகாரத்தை வாங்கிக்கொண்டு பெரிய கடைக்குப் போனாள். கடைக்காரர் லென்ஸைக் கண்ணில் வைத்தார், எடுத்தார், 'நாங்கள் இதைத் தொட முடியாது மேடம்' என்று பணிவாகத் திருப்பிக் கொடுத்தார்.

கொக்கிக்குள் இருந்த பொட்டை அவள்தான் போசு பாபுவுக்குக் காட்டியிருக்கிறாள். போசு பாபு அதைக் கவுசிடம் காட்டினார். விஷயம் தெரியாத கவுஸ் சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டான். "இது நம்ம நூகா பாய் பொட்டு சார். டூப் ஐட்டம். இண்டஸ்ட்ரியிலேயே அவன் ஒருத்தன்தான் இப்படி வெப்பான்."

ஆறாம் நாள் காலை நூகராஜுவை வீட்டுக்குக் கூப்பிட்டார்கள். ஹாலில் தொராவின் ஆளுயரப் படம், மாலை, விளக்கு. ஹைமாவதி வெள்ளைப் புடவையில் சோபாவில் உட்கார்ந்திருந்தார். எதிரே கண்ணாடி மேஜையில் கடிகாரம் குப்புறக் கிடந்தது.

"இது உன் பொட்டுதானே?" என்றார் போசு பாபு.

"ஆமா சார்."

"அசல் எங்கய்யா?"

நூகராஜு கடிகாரத்திலிருந்து கண்ணை எடுத்து ஹைமாவதியைப் பார்த்தார்.

"பொணத்துக்குக் கட்டினது நீ. அதுக்கு முன்னாடி நாப்பது நாள் பெட்டி உன்கிட்ட. டூப்பைக் கட்டிவிட்டுட்டு அசலை அமுக்கிட்ட. எரிஞ்சு போற கைதானே, யார் பாக்கப் போறான்னு நெனச்சிருக்க. முப்பது வருஷம் உப்புப் போட்டுத் தின்ன வீடுய்யா இது."

"சார், நான் அம்மகாருகிட்ட மட்டும் ரெண்டு வார்த்தை பேசணும்."

"எங்கிட்டப் பேச மாட்டியா?"

"போசு, நீ கொஞ்சம் வெளிய இரு," என்றார் ஹைமாவதி.

அவர் போனதும் நூகராஜு தரையில் உட்கார்ந்தார். செத்தவருக்குக் கொடுத்த வாக்கை, செத்தவரின் படத்துக்கு முன்னாலேயே உடைக்க வேண்டியிருந்தது. கேரவனையும், வெளுத்த மணிக்கட்டையும், மும்பை ரயிலையும் துண்டு துண்டாகச் சொல்லி முடித்தார்.

"எந்த வருஷம்?" என்றார் ஹைமாவதி.

சொன்னார்.

"எந்த மாசம்?"

"தசரா முடிஞ்சு ஒரு வாரம் இருக்கும் அம்மகாரு."

ஹைமாவதி கண்ணை மூடிக்கொண்டார். அந்தத் தீபாவளிக்கு வம்சிதர் கையில் கடிகாரம் பளபளவென்று இருந்ததையும், 'பாலிஷ் போட்டேன்' என்று அவர் சொன்னதையும் நினைத்துக்கொண்டாரோ என்னவோ. கண்ணைத் திறந்தபோது ஈரம் இல்லை.

"நீ பொய் சொல்லலை. எனக்குத் தெரியுது," என்றார்.

நூகராஜுவுக்கு மூச்சு வந்தது.

"ஆனா இதை நான் வெளிய எப்படிச் சொல்றது நூகராஜு? தொரா தன் வாட்சை வித்துட்டு ஆறு வருஷம் டூப்பைக் கட்டிக்கிட்டு சுத்தினாருன்னு சொல்லட்டுமா? பையனோட முதல் படம் இன்னும் பூஜைகூடப் போடலை. கடைக்காரன் பாத்துட்டான், அந்தப் பொண்ணு பாத்துட்டா. இது டூப்னு எப்படியும் வெளிய வரும். அசல் எங்கன்னு கேப்பாங்க. யாரோ எடுத்திருக்கணும்."

"அம்மகாரு, எனக்கு வேற சொத்து இல்ல. பேரு ஒண்ணுதான்."

"அவருக்கும் அதுதான் இருந்தது," என்று சொல்லிவிட்டு எழுந்து உள்ளே போனார்.

மதியத்துக்குள் யூடியூபில் வந்துவிட்டது. 'பிணத்தின் கையிலும் திருட்டு! தொராவின் கடிகாரத்தை மாற்றிய காஸ்ட்யூமர்?' கேள்விக்குறி ஒன்றுதான் மிச்சம் வைத்திருந்த மரியாதை. கூடவே நூகராஜுவின் படம், பழைய படப்பிடிப்பில் தொராவின் காலடியில் குனிந்து பேண்ட் மடிப்பைச் சரிசெய்வது. இரண்டு நாளில் அந்தக் குனிந்த படம் எங்கும் போனது.

கிருஷ்ணா நகர் வீட்டுக்கு முன்னால் பகல் முழுக்கக் கூட்டம் நின்றது. ஒருவன் கதவில் செருப்பு மாலை மாட்டினான். மங்கதாயாரு வெளியே வந்து அதை எடுத்து, ஒவ்வொரு செருப்பாகப் பிரித்து, "இது யாருது, அளவு பாத்து எடுத்துட்டுப் போங்க. வெயில்ல கால் பொசுங்கும்," என்று வாசலில் வரிசையாக வைத்தாள். கூட்டத்தில் இரண்டு பேர் சிரித்தார்கள். மூன்றாவது ஆள் கல் எறிந்தான். அது அவள் முன்கையில் பட்டது.

காஸ்ட்யூமர் சங்கத்திலிருந்து ஆள் வந்து, விசாரணை முடியும்வரை உறுப்பினர் கார்டைக் கொடுக்கும்படி கேட்டு வாங்கிக்கொண்டு போனார்கள். கார்டு இல்லாமல் எந்த செட்டிலும் காலெடுத்து வைக்க முடியாது.

கவுஸ் மறுநாள் காலை வந்தான். உள்ளே வராமல் வாசல்படியிலேயே உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டான்.

"என் வாயில மண்ணு விழ, நூகா பாய். நான் என்ன கண்டேன்? பெருமையா சொல்றதா நெனச்சுச் சொல்லிட்டேன்."

"உள்ள வா கவுஸ் அண்ணய்யா, உன்னையும் திருடன் கூட்டாளின்னு படம் புடிப்பாங்க," என்றாள் மங்கதாயாரு, கைக்கட்டைச் சரிசெய்தபடி.

தொரா ஒருவேளை விற்றிருப்பாரோ என்று கவுசே கேட்டான். நூகராஜு பதில் சொல்லவில்லை. பதில் சொல்லாததிலிருந்தே இருவருக்கும் புரிந்துவிட்டது. மங்கதாயாரு அவர் பக்கம் திரும்பினாள். "ஆறு வருஷம். பக்கத்துல படுத்துக்கிட்டு," என்றாள். அதற்குமேல் அதைப் பற்றிப் பேசவில்லை.

"ரம்பசோடவரத்துல சண்டை எடுத்தப்ப நான் அவர் கைமேல விழுந்தேன்ல? தங்க விளிம்புல ஒரு பள்ளம் விழுந்துச்சுல்ல?" என்று கேட்ட கவுஸ் நிமிர்ந்து உட்கார்ந்தான். "புதுசுல அந்தப் பள்ளம் கிடையாது. உன் போன்ல கன்டினியூட்டி போட்டோ இருக்கும். ஒவ்வொரு சீனுக்கும் கையைத் தனியா எடுத்து வெப்ப நீ. தேதி போட்டு இருக்கும். அவ்வளவு எதுக்கு, படத்துலயே தெரியுமேய்யா. கடைசி நாலு படத்துல பள்ளம் இல்லை. அவர் உயிரோட நடிச்ச படம். ஊரே தியேட்டர்ல பாத்தது. நாற்பது நாள்ல நீ மாத்தலைன்னு ஒரு குழந்தைகூடச் சொல்லும்."

உண்மைதான். நூகராஜுவின் கைப்பேசியில் பதினோராயிரத்துச் சொச்சம் படங்கள் இருந்தன. அந்தத் தசராவுக்கு முந்தினவற்றில் விளிம்பில் பள்ளம். பிந்தினவற்றில் வழவழவென்று வட்டம்.

"டிவிக்காரனைக் கூப்பிடவா?" என்றாள் மங்கதாயாரு.

"ஒரு நாள் பொறு."

"எதுக்குப் பொறுக்கணும்? இன்னொரு கை இருக்கு, அதுலயும் கல்லு படட்டும்னா?"

அன்று சாயங்காலம் கோட்டேஸ்வர ராவ் வந்தார். விஜயவாடாக்காரர், இன்சூரன்ஸ் ஆபீஸில் வேலை, நாற்பது வயது, ரசிகர் மன்றத்தின் மாநிலச் செயலாளர். தொரா போட்ட சட்டை எது, செருப்பு எது, விலை என்ன என்று இணையத்தில் எழுதுகிற பக்கத்தை நடத்துவதும் அவர்தான். தெருவில் நின்ற கூட்டம் அவரைக் கண்டதும் ஒதுங்கி வழிவிட்டது. செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, மங்கதாயாருவின் கையைப் பார்த்து, "மன்னிக்கணும் அம்மா. நம்ம பசங்க இல்லை இது, எவனோ," என்றார்.

நூகராஜு கைப்பேசியை எடுத்து இரண்டு படங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினார். கோட்டேஸ்வர ராவ் பார்க்கவே இல்லை.

"எனக்குத் தெரியும் சார்."

"என்ன தெரியும்?"

"பள்ளம். அந்தத் தீபாவளிக்கு வந்த டீசர்லயே பாத்தேன். நிறுத்தி நிறுத்தி நானூறு தடவை பாத்திருப்பேன். பாலிஷ் போட்டா கீறல் போகும், பள்ளம் போகாது சார். அன்னைக்கு ராத்திரி எனக்குச் சோறு இறங்கலை."

"தெரிஞ்சும் எழுதலையா?"

"எழுதறதா? எங்க பக்கத்துல எவனோ ஒருத்தன் 'வாட்ச்ல பள்ளம் காணமே'ன்னு கேட்டான். அவனைத் தூக்கிட்டேன். அதுக்கப்புறம் வாட்ச் கிட்டத்துல தெரியற படத்தையே போடலை. ஆறு வருஷமா." குரலைத் தாழ்த்தினார். "இன்னும் ஏழெட்டுப் பேருக்குத் தெரியும். எல்லாரும் வாய மூடிக்கிட்டிருக்கோம்."

"அப்ப நான் திருடலைன்னும் உங்களுக்குத் தெரியும்."

"தெரியும் சார்."

மங்கதாயாரு நடுவில் வந்தாள். "தெரிஞ்சுக்கிட்டேதான் வெளிய கூட்டம் நிக்குதா?"

"அவங்களுக்குத் தெரியாது அம்மா. எங்களுக்குத்தான் தெரியும்." அவர் நூகராஜுவின் பக்கம் திரும்பினார். "நீங்க இந்தப் படத்தை வெளிய விட்டா எல்லாரும் நம்புவாங்க. அதைத் தடுக்க எங்களால முடியாது. ஆனா வாட்ச்சோட நிக்காது சார். சட்டையைப் பாப்பாங்க. தோளைப் பாப்பாங்க. பழைய படம் ஒவ்வொண்ணா நிறுத்திப் பாப்பாங்க. அவரை நாங்க மனசுல வெச்சோம். துணி போட்டு நிக்க வெச்சது நீங்க. அதே கையால உரிச்சுடுவீங்களா?"

நூகராஜு கைப்பேசியை மடியில் கவிழ்த்து வைத்தார். சொன்னால் நம்ப மாட்டார்களோ என்ற பயம்தான் இதுவரை அவருக்கு இருந்தது. இப்போது, நம்பிவிடுவார்களே என்று பயமாக இருந்தது. முப்பத்தோரு வருடத்தில் அவர் செய்தது என்று சொல்லிக்கொள்ள ஒரே ஒரு பொருள்தான் இருந்தது. அது வம்சிதர். அதையும் வெட்டிப் பிரித்துப் போட்டுவிட்டால், எஞ்சுவது திருடாத நூகராஜு ஒருவர். அந்த ஆளை ஊரில் யாருக்கும் முன்பே தெரியாது.

"வாட்சுக்கு என்ன பண்ணுவாங்க?" என்று கேட்டார்.

"மன்றத்துலேருந்து அசலே வாங்கிட்டோம் சார். அதே மாடல், பழசு, துபாய்லேருந்து வந்தது. நம்ம பசங்க எதுக்குன்னு கேக்காமலே ஆளுக்கு நூறு, ஐநூறுன்னு போட்டாங்க. வீட்டுல பேசியாச்சு, நீங்க திரும்பக் கொடுத்ததா சொல்லி மேடையில கட்டுவாங்க."

"பள்ளம்?"

கோட்டேஸ்வர ராவ் தலையைக் குனிந்துகொண்டார். "நான்தான் வெச்சேன் சார். சின்ன சுத்தியால."

அதைக் கேட்டதும் நூகராஜுவுக்கு எல்லாம் முடிந்துவிட்டது போலிருந்தது. வேலை சுத்தமாகத்தான் இருக்கும்; அந்த மனிதரின் முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது.

பதினோராம் நாள் போசு பாபு ஆள் அனுப்பினார். காவல்துறைக்கு எழுதிய புகார் தயாராக இருக்கிறது, கொடுக்கவில்லை. மேடைக்கு வந்து இரண்டு வரி சொன்னால் போதும், ருத்விக் மன்னித்துவிடுவார், சங்கத்தில் பேசிக் கார்டைத் திரும்ப வாங்கித் தரலாம். அந்த இரண்டு வரியைத் தட்டச்சு செய்தே அனுப்பியிருந்தார்.

"போகப் போறியா?" என்றாள் மங்கதாயாரு.

"வேற என்ன செய்யறது?"

"உண்மையைச் சொல்றது. மனுஷங்க அதையும் எப்பவாவது செய்வாங்க."

"சொல்லி?"

"சொல்லி, துனிக்குப் போய் லுங்கி தச்சுப் பொழைக்கறது. என் கையில கல்லு பட்டதுக்கு நான் ஒரு கணக்கும் கேக்கலை. நீ திருடன்னு நீயே சொல்லாத. அதை மட்டும் செய்யாத."

நூகராஜு சுவரோரம் உட்கார்ந்தார். கைப்பேசியைத் திறந்து, படங்களை ஒவ்வொன்றாகத் தேடி அழிக்க ஆரம்பித்தார். பதினோராயிரம் இருந்ததால் அந்தப் பகல் முழுக்க வேண்டியிருந்தது. மங்கதாயாரு எதிரே உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தாள். தடுக்கவில்லை, உதவவும் இல்லை.

பதிமூன்றாம் நாள் நினைவுக் கூட்டம் மாதாப்பூர் பக்கம் பெரிய அரங்கத்தில் நடந்தது. வெளியே திரை வைத்துக் காட்டினார்கள். ருத்விக்குக்கு வெள்ளை உடை. மும்பைப் பெண் நன்றாகத்தான் தேர்ந்திருந்தாள். பெயர் சொல்லிக் கூப்பிட்டதும் நூகராஜு மேடையேறினார். கூச்சலில் ஒலிபெருக்கியே அடங்கிப்போனது. போசு பாபு மைக்கை அவர் கையில் கொடுத்தார்.

"பேராசைப்பட்டு நான்தான் எடுத்தேன். தொரா குடும்பம் என்னை மன்னிக்கணும்."

எழுதிக் கொடுத்ததை மெல்லிய குரலில்தான் சொன்னார். ஆனாலும் கேட்டது. ருத்விக் வந்து அவரை இரண்டு கையாலும் தூக்கி அணைத்துக்கொண்டு, "மன்னிக்கறதையும் எங்க அப்பாதான் எனக்குச் சொல்லிக்கொடுத்தாரு," என்றான். அரங்கம் அழுதது. நிஜமாகவே அழுதது, முன்வரிசையில் கோட்டேஸ்வர ராவ் கைக்குட்டையை வாயில் அழுத்திக்கொண்டு குலுங்கினார். ஹைமாவதி கடிகாரத்தை மகன் கையில் கட்டினார். மகன் முகப்பை உள்பக்கம் திருப்பினான். அந்தச் சத்தத்தில் கூரை நிற்குமா என்று இருந்தது.

இறங்கும்போது ஹைமாவதி நூகராஜுவின் பக்கம் லேசாகச் சாய்ந்தார்.

"தாயாரு கை எப்படியிருக்கு? கட்டுப் பிரிச்சாச்சா?"

"ஆறிட்டு வருது அம்மகாரு."

"மஞ்சத் தண்ணி ஊத்தச் சொல்லு," என்று சொல்லிவிட்டுக் கேமராவின் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அணைத்துக்கொள்ளும் காட்சியை மூன்று நாளில் இரண்டு கோடிப் பேர் பார்த்தார்கள். ருத்விக்கின் படம் பூஜை போடுவதற்கு முன்பே விற்றுப்போனதாகப் பேசிக்கொண்டார்கள்.

சொன்ன வாக்கைப் போசு பாபு காப்பாற்றினார். கார்டு திரும்பி வந்தது. ஆனால் வேலை வரவில்லை. எந்த ஹீரோவின் மேலாளர், தானே திருடினேன் என்று மேடையில் சொன்ன ஆளிடம் பெட்டிச் சாவியைக் கொடுப்பான்? நூகராஜு தினமும் காலையில் குளித்து, சட்டை மடிப்புக் கலையாமல் கிருஷ்ணா நகர் முனை டீக்கடைக்குப் போவார். அவர் உட்கார்ந்தால், எதிரே இருப்பவர் மேஜைமேல் வைத்த கைப்பேசியை எடுத்துப் பைக்குள் போட்டுக்கொள்வார். கோபமாக இல்லை, டீயைக் குடித்துக்கொண்டே, பேச்சை நிறுத்தாமல். கவுஸ் மட்டும் தன் கைப்பேசியை வேண்டுமென்றே அவர் பக்கமாகத் தள்ளி வைப்பான். அதுதான் நூகராஜுவுக்கு அதிகமாக வலித்தது. கொஞ்ச நாளில் கடைக்குப் போவதை நிறுத்தினார்.

ஆடி மாதத்தில் ஒரு காலை, மங்கதாயாருவுக்குத் துணை நடிகர் ஏஜெண்டிடமிருந்து போன் வந்தது. பேசி முடித்துவிட்டும் அவள் போனைக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தாள்.

"என்ன, எங்க ஷூட்டிங்?"

"எனக்கில்லை. உன்னைக் கேக்கறான்."

நூகராஜு எழுந்து உட்கார்ந்தார். "காஸ்ட்யூமுக்கா?"

"இல்லை. நடிக்க. ஜமீன் வீட்டுல வேலைக்காரன், எசமான் செத்த அன்னைக்கு மோதிரத்தைக் கழட்டறான். ஒரு ஷாட்டாம். உன் மூஞ்சி காட்டினாலே ஜனம் புரிஞ்சுக்குமாம், வசனம்கூட வேண்டாமாம்."

தெருவில் காய்கறி வண்டிக்காரன் கூவிக்கொண்டு போனான். நூகராஜு சட்டைக் காலரை நீவிவிட்டுக்கொண்டார்.

"துணி யார் கொடுக்கறாங்களாம்? அந்தக் காலத்து வேலைக்காரன்னா முண்டாசு வேணும், அரைக்கைப் பனியன் வேணும். அளவு எடுக்க எப்ப வரணுமாம்?"

மங்கதாயாரு முகத்தைத் திருப்பிக்கொண்டு சொன்னாள்.

"அளவெல்லாம் வேண்டாமாம். இப்ப போட்டிருக்கறதோட வந்தா போதுமாம்."